ஜான் மியங்: ஒரே குழுவில் நாற்பது ஆண்டு பேஸ்

நீண்ட பாட்டும் சிக்கலான தாளமும் கொண்ட ப்ரோக்ரெஸிவ் மெட்டல் கேட்பவர்களிடம் ட்ரீம் தியேட்டர் குழு பற்றிப் பேச்செடுத்தால் முதலில் ஜான் பெட்ரூச்சியின் கிதார் வரும். அடுத்து மைக் போர்ட்னாயின் டிரம்ஸ். அப்புறம் கீபோர்டில் கெவின் மூர் பெரியவரா, ஜோர்டன் ரூடெஸ் பெரியவரா என்ற பழைய சண்டை. தாழ்ந்த ஸ்வரங்களைத் தரும் பேஸ் கிதாரை வாசிப்பவரின் பெயர் கடைசியாகத்தான் வந்து சேரும், சில சமயம் அதுவும் வராது. ஆனால் 1989 முதல் 2025 வரை அந்தக் குழு வெளியிட்ட 16 ஸ்டுடியோ ஆல்பங்களிலும் இருப்பவர்கள் இரண்டே பேர். ஒருவர் பெட்ரூச்சி, இன்னொருவர் பேஸ் வாசிக்கும் ஜான் மியங்.

2010-ல் மியூசிக்ரேடார் தளம் நடத்திய வாக்கெடுப்பில் எல்லாக் காலத்துக்குமான சிறந்த பேஸ் கலைஞராக வாசகர்கள் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். இணைய வாக்கெடுப்பை ஓரளவுக்கு மேல் நம்ப வேண்டியதில்லை. ட்ரீம் தியேட்டர் ரசிகர்கள் ஓட்டுப் போடுவதில் சளைக்காதவர்கள். வேடிக்கை என்னவென்றால், ஆல்பங்களில் மியங் வாசிப்பது காதில் சரியாக விழுவதில்லை என்று வருடக்கணக்காகக் குறைப்பட்டுக்கொள்பவர்களும் அதே ரசிகர்கள்தான். சரியாகக் கேட்காத ஒருவரை எப்படி உலகிலேயே சிறந்தவர் என்கிறார்கள்? இந்த ஆய்வு அந்தக் கேள்வியிலிருந்து தொடங்குகிறது. என் கணிப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: மியங்கின் தொழில் வாழ்க்கையை அவருடைய வேகத்தை வைத்து அளந்தால் பாதிதான் பிடிபடும். எந்த இடத்தில் இருப்பது, எதை விட்டுக்கொடுப்பது என்று அவர் எடுத்த முடிவுகளில்தான் மீதி இருக்கிறது.

கிங்ஸ் பார்க்கும் பாஸ்டனும்

மியங் 1967 ஜனவரி 24 அன்று சிகாகோவில் பிறந்தார். பெற்றோர் கொரியர்கள். வளர்ந்தது நியூயார்க் மாநிலத்தின் லாங் ஐலண்டில், கிங்ஸ் பார்க் என்ற ஊரில். ஐந்து வயதில் வயலின் கற்க ஆரம்பித்துப் பத்து வருடம் வாசித்தார். 15 வயதில், ஊரில் இருந்த ஒரு குழு பேஸ் வாசிக்கக் கூப்பிட, சரியென்று போனவர் அதற்குப் பிறகு வயலின் பக்கம் திரும்பவில்லை.

வாழ்க்கைக் குறிப்புகள் இந்தப் பத்து வருடத்தை ஒரே வரியில் தாண்டிப் போய்விடுகின்றன. எனக்கு அது பெரிய விஷயமாகப் படுகிறது. ராக் உலகில் பேஸுக்கு வருபவர்களில் நிறையப் பேர் கிதாரிலிருந்து வருபவர்கள். குழுவில் கிதார் இடம் நிரம்பிவிட்டதால் பேஸை எடுத்தவர்கள். அவர்களுக்கு பேஸ் என்பது தடித்த தந்தி போட்ட கிதார். வயலினிலிருந்து வருபவரின் கை வேறு மாதிரி பழகியிருக்கும். கிதாரின் கழுத்தில் ஸ்வர இடங்களைப் பிரிக்கும் ஃப்ரெட் என்ற குறுக்குக் கம்பி வயலினில் கிடையாது, விரல் எங்கே விழ வேண்டும் என்பதைக் காதுதான் சொல்ல வேண்டும். இடக்கையின் சுண்டுவிரலுக்கும் மற்ற விரல்களுக்குச் சமமான வேலை உண்டு. ராகம் நீளமான ஒற்றை வரியாக ஓடும், பல ஸ்வரம் ஒன்றாக ஒலிக்கும் அடுக்கடுக்கான கார்டுகளாக நிற்காது. மியங்கின் வாசிப்பில் பெட்ரூச்சியின் கிதார் வரியை அப்படியே பேஸில் இழைக்கும் இடங்களைக் கேட்டால் இந்தப் பழக்கம் தெரியும். 86 சென்டிமீட்டர் நீளத் தந்தியில் அந்த வேலையைச் செய்ய விரல்கள் தனித்தனியாக யோசிக்கத் தெரிந்திருக்க வேண்டும்.

பெட்ரூச்சி அதே ஊர்க்காரர், பள்ளித் தோழர். 1985-ல் இருவரும் பாஸ்டனின் பெர்க்லி இசைக் கல்லூரியில் சேர்ந்தார்கள். தினமும் குறைந்தது ஆறு மணி நேரம் பயிற்சி செய்வது என்று இருவரும் அப்போது உறுதி எடுத்துக்கொண்டது இன்றைக்கும் பேசப்படுகிறது. அதைக் கடின உழைப்புக்கு உதாரணமாகச் சொல்வார்கள். எனக்கு அதில் கவனிக்கத் தோன்றுவது மணிக்கணக்கை விட, இரண்டு பேர் என்பது. ஒரே வயதில், ஒரே ஊரிலிருந்து வந்து, ஒரே கணக்கோடு பழகிய கிதாரும் பேஸும் பிற்காலத்தில் ஒரே வாத்தியம் போல் ஓடியதில் ஆச்சரியம் இல்லை.

கல்லூரியில் போர்ட்னாய் அறிமுகமானார். ரஷ், அயர்ன் மெய்டன் பாடல்களைப் பயிற்சி அறையில் வாசித்துப் பார்த்த மூவரும் மெஜஸ்டி என்ற குழுவைத் தொடங்கினார்கள். கிங்ஸ் பார்க் நண்பர் கெவின் மூர் கீபோர்டுக்கு வந்தார். குழுவுக்காக எல்லாரும் படிப்பைப் பாதியில் விட்டார்கள். லாஸ் வேகஸில் அதே பெயரில் ஒரு குழு இருந்ததால் பெயரை மாற்ற வேண்டி வந்தது. கலிஃபோர்னியாவின் மான்டெரேயில் இருந்த ஒரு திரையரங்கின் பெயரை போர்ட்னாயின் அப்பா சொன்னார். ட்ரீம் தியேட்டர் அப்படித்தான் ட்ரீம் தியேட்டர் ஆனது.

முதல் ஆல்பம் 1989 மார்ச்சில் வந்தது. அதற்காகக் குழு போன சுற்றுப்பயணம் மொத்தம் ஐந்தே கச்சேரி, அதுவும் பக்கத்து ஊர்களில். பாடகர் சார்லி டொமினிசி விலக்கப்பட்டார். அடுத்த பாடகருக்கான தேடல் நீண்டுகொண்டே போனது. 1991 தொடக்கத்தில்தான் கனடாவைச் சேர்ந்த ஜேம்ஸ் லப்ரி கிடைத்தார். 22 வயதிலிருந்து 24 வயது வரை பாடகரும் இல்லாமல், ஆதரவான இசை வெளியீட்டு லேபிளும் இல்லாமல் ஒரு குழு தாக்குப்பிடித்தது. பெரும்பாலான குழுக்கள் கலைவது இந்த மாதிரிக் காலத்தில்தான்.

மெட்ரோபோலிஸ் முதல் லேர்னிங் டு லிவ் வரை

1992 ஜூலையில் வந்த இமேஜஸ் அண்ட் வேர்ட்ஸ் எல்லாவற்றையும் மாற்றியது. எட்டு நிமிடம் தாண்டும் புல் மீ அண்டர், பில்போர்டின் மெயின்ஸ்ட்ரீம் ராக் பட்டியலில் 10-ஆம் இடம் வரை போனது. கிரஞ்ச் என்ற கரடுமுரடான ராக் வகையின் அலை அடித்துக்கொண்டிருந்த வருடத்தில் இப்படிப்பட்ட பாட்டு வானொலியில் ஓடியது என்பதே பெரிய செய்தி. ஆல்பம் பிறகு அமெரிக்காவில் கோல்டு சான்றிதழ் பெற்றது. ஐந்து லட்சம் பிரதிக்குத் தருவது அது.

பேஸ் பற்றி அறிய வேண்டுமானால் இந்த ஆல்பத்தில் இரண்டு பாட்டு போதும். ஒன்று மெட்ரோபோலிஸ். நீளமான நடுப்பகுதியில் எல்லா வாத்தியமும் சட்டென்று ஒதுங்க, மியங் இரண்டு கையாலும் தந்திகளை ஃப்ரெட் மீது தட்டி வாசிக்கும் ஒரு துண்டு வரும். சில நொடிதான். பேஸ் கற்கும் பையன்களும் பெண்களும் முப்பது வருடமாக அந்தச் சில நொடியைத்தான் வீட்டில் முட்டி மோதிக் கற்கிறார்கள். மியங் புகழுக்கு அதுவே விசிட்டிங் கார்டு.

இன்னொன்று கடைசிப் பாட்டான லேர்னிங் டு லிவ். அதன் வரிகளை எழுதியவர் மியங். பதினோரு நிமிடம் ஓடும் பாட்டு, ஏழின் கணக்கில் போகும் பகுதிகள் நிறைய. மிஸ்ர நடையில் பழகிய காதுக்கு அந்த ஏழு அவ்வளவு அந்நியமாக இருக்காது. இந்தப் பாட்டில் பேஸ் எங்கேயும் தன்னைக் காட்டிக்கொள்ளவில்லை. ஆனால் கிதார் நீண்ட ஸ்வரம் பிடித்து நிற்கும்போது தாளக் கணக்கைச் சுமப்பதும், கீபோர்டு முன்னால் வரும்போது கிதாரின் வேலையைத் தான் எடுத்துக்கொள்வதும் பேஸ்தான். மெட்ரோபோலிஸ் துண்டைக் கேட்டு மியங்கை விரும்ப ஆரம்பித்தவர்கள், அவரைப் புரிந்துகொள்ள இங்கே வர வேண்டும்.

ஆறு தந்தி எதற்கு

1994-ல் வந்த அவேக் ஆல்பத்தில் பெட்ரூச்சி ஏழு தந்தி கிதாரை எடுத்தார். அதே காலத்தில் மியங் ஆறு தந்தி பேஸுக்கு மாறினார். அப்போது டோபியாஸ் கம்பெனியின் பேஸ். பிறகு யமஹா அவர் பெயரிலேயே ஒரு ஆறு தந்தி மாடல் விற்றது. 2000-களின் நடுவிலிருந்து மியூசிக் மேன் கம்பெனியின் போங்கோ மாடல்.

ஆறு தந்தி என்றதும் பந்தா என்று நினைப்பவர்கள் உண்டு. கணக்கைப் பார்த்தால் வேறு கதை. சாதாரண நான்கு தந்தி பேஸின் மிகத் தாழ்ந்த ஸ்வரம் ஈ, 41.2 ஹெர்ட்ஸ். ஆறு தந்தி கிதாரின் தாழ்ந்த ஈ அதற்குச் சரியாக ஒரு ஸ்தாயி மேலே, 82.4 ஹெர்ட்ஸ். கிதார் ரிஃப்பை, அதாவது திரும்பத் திரும்ப வரும் சிறு வரியை, ஒரு ஸ்தாயி கீழே இரட்டிப்பதுதான் மெட்டலில் பேஸின் அடிப்படை வேலை, அது இந்த ஏற்பாட்டில் பிரச்சினையில்லாமல் நடக்கும். ஏழாவது தந்தி வந்ததும் கிதார் 61.7 ஹெர்ட்ஸ் வரை இறங்கிவிடுகிறது. அதை ஒரு ஸ்தாயி கீழே இரட்டிக்க 30.9 ஹெர்ட்ஸ் வேண்டும். நான்கு தந்தி பேஸில் அந்த ஸ்வரமே கிடையாது. ஆகவே கீழே ஒரு தந்தி சேர்ந்தது இசையின் தேவை.

மேலே சேர்ந்த தந்திதான் மியங்கின் விருப்பம் என்று சொல்லலாம். 130.8 ஹெர்ட்ஸ் ஸி தந்தி இருந்தால் கார்டுகளும், தந்தியை லேசாகத் தொட்டு எழுப்பும் ஹார்மோனிக்ஸும், தட்டி வாசிக்கும் இரட்டைக் குரல்களும் கைக்கு வசதியாகக் கிடைக்கும். அவேக் ஆல்பத்தில் அவர் வரிகள் எழுதிய லிஃப்டிங் ஷேடோஸ் ஆஃப் எ ட்ரீம், பேஸின் ஹார்மோனிக்ஸோடுதான் தொடங்குகிறது. அந்தத் தொடக்கத்தைக் கண்ணை மூடிக் கேட்பவர் பேஸ் என்று சொல்லமாட்டார். பிற்காலத்தில் போங்கோவில் அவர் கேட்டு வாங்கிய மாற்றமும் கவனிக்கத்தக்கது: ஆறு தந்தி, ஆனால் கழுத்தின் அகலம் ஐந்து தந்தி பேஸுக்கு உரியது. தந்தி நெருக்கமாக இருந்தால் வலக்கை விரல்கள் குறைந்த தூரம் போனால் போதும். கருவியின் அழகை விட அசைவின் சிக்கனத்தைப் பார்க்கும் ஆளின் முடிவு அது.

அப்படியென்றால் ஏன் கேட்பதில்லை

சரி, இவ்வளவு உழைப்பும் கருவியும் இருந்தும் ஆல்பத்தில் பேஸ் ஏன் அமுங்குகிறது?

முதல் காரணம் இயற்பியல். 31 ஹெர்ட்ஸ் ஸ்வரத்தின் அடிப்படை அதிர்வைச் சிறிய ஸ்பீக்கர்களும் போன்களும் வெளியிடவே முடியாது. நம் காது அந்த ஸ்வரத்தின் மேல் அதிர்வுகளை, அதாவது 62, 93, 124 ஹெர்ட்ஸ் என்று போகும் அடுக்கை வைத்து, கீழே இருக்க வேண்டியதைத் தானே ஊகித்துக்கொள்கிறது. பேஸைக் கேட்கிறோம் என்று நாம் நினைப்பதில் பெரும்பகுதி இந்த மேல் அதிர்வுகள். டிஸ்டார்ஷன் போட்டு ஒலியைக் கரகரப்பாக்கிய கிதார் அதே பகுதியில்தான் முழு பலத்தோடு உட்கார்ந்திருக்கிறது. அதற்குக் கீழே 50 முதல் 80 ஹெர்ட்ஸ் வரை காலால் அடிக்கும் டபுள் பேஸ் டிரம் இடைவிடாமல் அடித்துக்கொண்டிருக்கிறது. மேலே கிதார், கீழே டிரம், நடுவில் பேஸுக்கு ஒரு சந்து. மெட்டல் ஆல்பங்களில் வாத்திய ஒலிகளைச் சேர்த்துச் சமன்செய்யும் மிக்ஸிங் வேலை பார்ப்பவர்கள் பேஸ் சிக்னலை இரண்டாகப் பிரித்து, அடிப்பகுதியைச் சுத்தமாகவும் மேல்பகுதியை டிஸ்டார்ஷனோடும் தனித்தனியாக வைப்பது இந்தச் சந்தில் வழி கண்டுபிடிக்கத்தான்.

இரண்டாவது காரணம் இசையமைப்பு. பேஸ் வேறு ஏதாவது வாசித்தால் காது அதைத் தனியாகப் பிடித்துக்கொள்ளும். கிதார் வாசிப்பதையே, அதே தாளத்தில், அதே துல்லியத்தில் வாசித்தால் காது இரண்டையும் ஒரே வாத்தியமாகச் சேர்த்துவிடும். வாசிப்பவர் எவ்வளவு சுத்தமாக வாசிக்கிறாரோ அவ்வளவு மறைந்துபோவார். ட்ரீம் தியேட்டரின் அடையாளமே கிதாரும் கீபோர்டும் பேஸும் ஒரே வரியில் பாய்வதுதான். பேஸை நிறுத்திப் பார்த்தால் மட்டும் அதன் எடை தெரியும்: கிதாரின் ஒலி திடீரென்று மெலிந்து தகரம் மாதிரி ஆகிவிடும்.

இதை மெட்டாலிகாவின் 1988 ஆல்பத்தோடு குழப்பிக்கொள்ளக் கூடாது. அங்கே ஜேசன் நியூஸ்டெட்டின் பேஸ் மிக்ஸிங்கில் வேண்டுமென்றே குறைக்கப்பட்டது. மியங் விஷயத்தில் சில ஆல்பங்களின் மிக்ஸிங் மீதும் குறை சொல்லலாம்தான், நானும் சொல்வேன். 2003-ல் வந்த டிரெய்ன் ஆஃப் தாட் ஆல்பம் எனக்கு இப்போதும் கிதார் சுவராகத்தான் கேட்கிறது. ஆனால் மூலகாரணம் அவர் ஏற்றுக்கொண்ட வேலையிலேயே இருக்கிறது.

அந்த வேலை தளர்ந்த இடங்களில் என்ன நடக்கிறது என்று பார்க்க வேண்டும். 1999-ல் வந்த சீன்ஸ் ஃப்ரம் எ மெமரி ஆல்பத்தின் டான்ஸ் ஆஃப் எடர்னிட்டி ஆறு நிமிட வாத்திய இசை. அதில் தாளக் கணக்கு நூறு தடவைக்கு மேல் மாறும். அதற்குள் மியங்குக்கு ஒரு சின்ன தனி வாசிப்பு. 2005-ல் பேனிக் அட்டாக், பேஸின் ரிஃப்போடு தனியாகத் தொடங்குகிறது. இரண்டிலும் அவர் மற்றவர்களை விட ஒரு படி மேலே போக முயலவில்லை என்பது எனக்குப் பிடித்த விஷயம். பேனிக் அட்டாக் தொடக்கம் பாட்டின் அஸ்திவாரம். கிதார் வந்ததும் அதையே பிடித்துக்கொண்டு மேலே கட்டுகிறது.

1998-ஐச் சுற்றி

இந்த வாழ்க்கையில் எனக்கு மிகவும் சுவையான காலம் 1997 முதல் 2000 வரை. ஃபாலிங் இன்டு இன்ஃபினிட்டி ஆல்பத்தின்போது லேபிள் வானொலிக்கேற்ற பாடல் கேட்டு நெருக்கியது. இரண்டு சிடி திட்டம் நிராகரிக்கப்பட்டது. ஒரு பாட்டுக்கு வெளியிலிருந்து பாடலாசிரியர் டெஸ்மண்ட் சைல்டு சேர்க்கப்பட்டார். போர்ட்னாய் விலகும் யோசனை வரை போனார். மியங் அந்த ஆல்பத்தில் செய்தது, விரலால் தட்டி வாசிக்கும் சாப்மன் ஸ்டிக் என்ற வாத்தியத்தைக் கொண்டுவந்ததும், ட்ரயல் ஆஃப் டியர்ஸ் என்ற பதின்மூன்று நிமிடப் பாட்டின் வரிகளை எழுதியதும். வானொலிப் பாட்டு கேட்கப்பட்ட ஆல்பத்தின் கடைசியில் பதின்மூன்று நிமிடம்!

1997-ல் போர்ட்னாயும் பெட்ரூச்சியும் லிக்விட் டென்ஷன் எக்ஸ்பெரிமென்ட் என்ற துணைக் குழுவில் இறங்கினார்கள். கீபோர்டு ஜோர்டன் ரூடெஸ். பேஸும் ஸ்டிக்கும் கிங் கிரிம்சன் குழுவின் டோனி லெவின். பள்ளி நாள் முதல் கூட வாசித்தவர் இருக்கும்போது அந்த நாற்காலி வேறு ஒருவருக்குப் போனது. துணைக் குழுவின் நோக்கமே வேறு ஆட்களோடு வாசிப்பது என்பதால் இதை மனத்தாங்கலாகப் படிக்க வேண்டியதில்லை. விளைவு மட்டும் பெரிது: அந்தக் குழு வழியாகத்தான் ரூடெஸ் ட்ரீம் தியேட்டருக்குள் வந்தார், கீபோர்டில் இருந்த டெரெக் ஷெரினியன் 1999 தொடக்கத்தில் வெளியேற்றப்பட்டார்.

மியங்கின் துணைக் குழு எதுவென்றால் பிளாட்டிபஸ். கிங்ஸ் எக்ஸ் குழுவின் டை டேபர் கிதார், ராட் மோர்கன்ஸ்டைன் டிரம்ஸ், கீபோர்டில் அதே ஷெரினியன். முதல் ஆல்பம் 1998. இரண்டாவது ஆல்பம் 2000-ல், அதாவது ஷெரினியன் ட்ரீம் தியேட்டரிலிருந்து அனுப்பப்பட்ட பிறகு. ஒரு குழுவில் பிரிந்தவர்கள் இன்னொன்றில் சேர்ந்தே வாசித்தார்கள். மியங் இதைப் பற்றி ஊரறியப் பேசிக்கொண்டிருக்கவில்லை. அப்புறம் ஷெரினியன் போக, மீதி மூவரும் தி ஜெல்லி ஜாம் என்ற பெயரில் 2002-லிருந்து நான்கு ஆல்பம் செய்தார்கள். கடைசியானது 2016-ல். மூவர் குழு, கீபோர்டு இல்லை, பாட்டு நீளமும் குறைவு. மியங்கின் பேஸ் தெளிவாகக் கேட்க வேண்டும் என்பவர்களுக்கு நான் முதலில் கொடுப்பது ஜெல்லி ஜாம்தான். நடுவே 1999-ல் பேஸ் கலைஞர் ஷான் மலோனின் கோர்டியன் நாட் ஆல்பத்திலும் ஸ்டிக் வாசித்தார்.

இந்தத் துணைக் குழுக்கள் எதுவும் அவர் பெயரில் இல்லை, எதிலும் அவர் தலைவரும் இல்லை. தனி ஆல்பமும் போடவில்லை. பெட்ரூச்சி, ரூடெஸ், லப்ரி, ஷெரினியன் எல்லாருக்கும் தனி ஆல்பம் உண்டு.

பன்னிரண்டு வருட இடைவெளி

1992, 1994, 1997, 1999 என்று ஒவ்வொரு முழு ஆல்பத்திலும் ஒரு பாட்டுக்கு மியங் வரிகள் எழுதியிருக்கிறார். 1999-ல் எழுதியது ஃபேட்டல் டிராஜெடி. அதற்குப் பிறகு 2011 வரை எதுவும் இல்லை. இடையில் வந்த ஐந்து ஆல்பங்களும் போர்ட்னாயும் பெட்ரூச்சியும் சேர்ந்து தயாரித்தவை; வரிகளும் பெரும்பாலும் அவர்கள் இருவருடையவை. 2010-ல் போர்ட்னாய் குழுவை விட்டுப் போன பிறகு வந்த முதல் ஆல்பத்தில், பெட்ரூச்சியோடு சேர்ந்து மியங் எழுதிய பிரேக்கிங் ஆல் இல்யூஷன்ஸ் வந்தது. ரசிகர்கள் அதைத்தான் அந்த ஆல்பத்தின் சிகரமாகப் பிடித்துக்கொண்டார்கள்.

இதை வைத்து ஒருவர் வாயை இன்னொருவர் அடைத்தார் என்று கதை கட்டலாம், கட்டியவர்களும் உண்டு. எனக்கு வேலைப் பங்கீடு மாறியது என்றுதான் படுகிறது. இசையமைப்பில் பல ஆல்பங்களில் குழுவின் பெயரே பொதுவாக இருந்தது. மியங் அங்கே எப்போதும் இருந்தார். வார்த்தைக்கான இடம் சுருங்கியபோது அவர் அதற்காக மல்லுக்கட்டவில்லை. இப்படி மல்லுக்கட்டாமல் இருந்ததற்கு விலையும் உண்டு: லேர்னிங் டு லிவ், ட்ரயல் ஆஃப் டியர்ஸ் வரிசையில் வந்திருக்கக்கூடிய பாடல்களை அந்தப் பன்னிரண்டு வருடத்தில் நாம் இழந்தோம்.

2010

2010 செப்டம்பரில் போர்ட்னாய் விலகினார். அவர் கேட்டது நீண்ட ஓய்வு. மற்றவர்களுக்கு அதில் உடன்பாடில்லை. பின்னர் திரும்பி வரக் கேட்டபோதும் கதவு திறக்கவில்லை. 25 வருடம் கூட இருந்த டிரம்மர் போவது எந்தக் குழுவுக்கும் பெரிய அடி, அதில் அதிகம் ஆட்டம் காண்பது பேஸ் வாசிப்பவர்தான். கிதாரிஸ்ட் டிரம்மைக் கேட்டு வாசிப்பார். பேஸ் வாசிப்பவர் டிரம்மோடு சேர்ந்து ஒரே அடியை உண்டாக்க வேண்டும். காலால் அடிக்கும் கிக் டிரம்மும் பேஸ் தந்தியும் சில மில்லி நொடி விலகினாலே அடி தளர்ந்துவிடும்.

அக்டோபரில் நியூயார்க்கில் ஏழு டிரம்மர்களுக்கு ஆடிஷன் நடந்தது. மார்க்கோ மின்னிமன், வெர்ஜில் டொனாட்டி, தாமஸ் லாங் போன்ற பெரிய பெயர்கள் வந்தார்கள். தேர்வானவர் மைக் மேன்ஜினி. அப்போது அவர் பெர்க்லி கல்லூரி ஆசிரியர். கல்லூரியைப் பாதியில் விட்டு வந்தவர்களின் குழுவில் சேர, அதே கல்லூரி ஆசிரியர் வேலையை விட்டு வந்தார். பெர்க்லிக்கு இதை விட நல்ல விளம்பரம் இல்லை, மோசமான விளம்பரமும் இல்லை!

அடுத்த ஆல்பத்தின் பாடல்கள் மேன்ஜினி இல்லாமலே எழுதப்பட்டன. டிரம் பகுதிகளை பெட்ரூச்சி கம்ப்யூட்டரில் நிரலாக்கிக் கொடுத்தார். ஆக, மியங் முதல் தடவையாக ஒரு மனிதனுக்குப் பதில் இயந்திரத் தாளத்தோடு பேஸ் வரிகளை உருவாக்கினார். அந்த ஆல்பத்தில் பேஸ் முன்னை விடத் தெளிவாகக் கேட்பதற்கும் இதற்கும் தொடர்பிருப்பதாக நினைக்கிறேன். அடர்த்தியாக நிரப்பும் டிரம்மர் எழுதும் அறையில் இல்லாதபோது இடைவெளி தானாகக் கிடைக்கிறது. 2011-ல் அந்த ஆல்பத்தின் முதல் பாட்டுக்குக் குழுவின் முதல் கிராமி பரிந்துரை கிடைத்தது. 2022-ல் தி ஏலியன் பாட்டுக்குச் சிறந்த மெட்டல் பிரிவில் கிராமியே கிடைத்தது. 2023 அக்டோபரில் போர்ட்னாய் திரும்பி வந்தார், 2025 பிப்ரவரியில் பாராசோம்னியா வெளியானது. இரண்டு டிரம்மர்கள், மூன்று கீபோர்டு கலைஞர்கள், இரண்டு பாடகர்கள். ஆல்பங்களில் கிதாரும் பேஸும் மட்டும் மாறவில்லை.

ஒப்பிட இருவர்

டூல் குழுவின் ஜஸ்டின் சான்சலர் 1995-ல் சேர்ந்தார். இங்கிலாந்துக்காரர், பிக் என்ற சிறு தகடு வைத்து வாசிப்பவர், நான்கு தந்தி. 2001-ல் வந்த ஸ்கிஸம் பாட்டை நினைத்தால் முதலில் மனதில் ஓடுவது அவருடைய பேஸ் ரிஃப். அதற்குக் கிராமியும் கிடைத்தது. மியங்கை விட அவர் கெட்டிக்காரர் என்பதால் அல்ல. டூலில் கீபோர்டு இல்லை, கிதார் ஒன்றுதான், அதுவும் பல நேரம் ஒலித்திரையாக நிற்கிறது. ராகத்தைச் சுமக்க பேஸுக்கு இடம் காலியாக இருக்கிறது. மியங் உட்கார்ந்த குழுவில் அந்த இடத்துக்கு ஏற்கெனவே இரண்டு பேர்.

சினிக் குழுவின் ஷான் மலோன் இன்னொரு பாதை. 1993-ல் ஃபோகஸ் ஆல்பத்தில் ஃப்ரெட்லெஸ் பேஸும் ஸ்டிக்கும் வாசித்து இந்த வகை இசையின் காதையே திருப்பியவர். அடுத்த வருடமே குழு கலைந்தது. அவர் இசைக் கோட்பாட்டில் ஆராய்ச்சி, எழுத்து என்று நகர்ந்தார். 2020 டிசம்பரில் காலமானார். மெட்டலில் அவர் விட்டுச்சென்ற ஆல்பங்கள் விரல் விட்டு எண்ணக்கூடியவை. அவருடைய செல்வாக்கு அந்த எண்ணிக்கைக்குச் சம்பந்தமே இல்லாத அளவு.

சான்சலர் போல் முன்னால் நிற்க ஒரு காலியிடம் வேண்டும், மலோன் போல் விலகிப் போக வேறு ஒரு தொழில் வேண்டும். மியங்கிடம் இரண்டும் இல்லை. அவரிடம் இருந்தது பயிற்சிப் பழக்கமும் ஒரு பள்ளித் தோழனும். கச்சேரிக்கு முன் விரலைத் தயார்படுத்துவதை எல்லாரும் செய்வார்கள். மியங் கச்சேரி முடிந்த பிறகும் உட்கார்ந்து பயிற்சி செய்வார் என்று போர்ட்னாய் வியந்து சொல்லியிருக்கிறார்.

இந்த வாழ்க்கையை முன்மாதிரியாக எடுக்க நினைக்கும் பேஸ் மாணவர்கள் இரண்டு விஷயத்தைக் கணக்கில் வைக்க வேண்டும். கோல்டு ஆல்பம் ஒன்று இருபத்தைந்து வயதில் வந்ததால்தான் முன்னால் வராமலே அவரால் தொழிலில் நிலைக்க முடிந்தது. ஆல்பம் விற்ற காலம் அது. இன்றைக்குப் புதிதாக வரும் பேஸ் கலைஞர் தன் முகத்தையும் விரலையும் வீடியோவில் காட்டாமல் வாய்ப்புப் பெறுவது கடினம், ஆகவே மெட்ரோபோலிஸின் அந்தச் சில நொடிகளைத்தான் அவர் தொழிலாகச் செய்ய வேண்டியிருக்கிறது. இரண்டாவது, பெட்ரூச்சி. கிங்ஸ் பார்க்கில் அதே பள்ளியில் அதே வெறியோடு ஒரு கிதாரிஸ்ட் இருந்ததும், அவர் நாற்பது வருடம் குழுவை விட்டுப் போகாததும் மியங் திட்டமிட்டுச் செய்த காரியங்கள் இல்லை. கெவின் மூர் 1994-ல் கிளம்பியது போல பெட்ரூச்சியும் கிளம்பியிருந்தால், இங்கே சொன்ன முடிவுகளில் பாதிக்கு மேல் மியங்குக்கு எடுக்கவே வாய்த்திருக்காது.